ஒரு கதை, பல வீடுகள்

நுழையும்முன்

கதைகளுக்குக் கடவுச்சீட்டு தேவையில்லை. ஒரு நாட்டில் பிறந்த கதை, மற்றொரு நாட்டின் உடையை உடுத்தி, அந்நாட்டின் மொழியைப் பேசி, அங்கேயே பிறந்ததுபோல் வாழத் தொடங்கிவிடும். போரில் சிதைந்த ஜெர்மனியில் 1950ஆம் ஆண்டு வெளிவந்த நகைச்சுவைத் திரைப்படம் ஒன்று உலகெங்கும் பயணம் செய்து தமிழ்த்திரைக்கும் வந்து சேர்ந்தது. அப்பயணத்தில் அக்கதை எவற்றைப் பெற்றது, எதனை இழந்தது என்பதை ஆராய்கிறது இக்கட்டுரை.

கோடை விடுமுறை. ஏரிக்கரையில் சிறுமியருக்கான தங்கும் விடுதி. வியன்னா நகரிலிருந்து வந்த லூயிசேயும் மியூனிக் நகரிலிருந்து வந்த லோட்டேயும் அங்கு முதன்முறையாக ஒருவரையொருவர் பார்க்கின்றனர். ஒருத்திக்குச் சுருண்ட முடி. மற்றவளுக்கு இறுகப் பின்னிய சடை. அந்த ஒன்றை நீக்கிவிட்டால் முகமும் உயரமும் கண்ணும் மூக்கும் அச்சில் வார்த்தாற்போல் ஒன்றே. முதலில் சினம் எழுகிறது, பின்னர் வியப்பு. பிறந்த நாளும் பிறந்த ஊரும் ஒன்றே எனத் தெரியவரும்போது உண்மை புலப்படுகிறது. பெற்றோர் மணமுறிவு பெற்றபோது, தந்தைக்கு ஒருத்தி, தாய்க்கு ஒருத்தி எனப் பங்கிடப்பட்ட இரட்டையர் அவர்கள். விடுமுறை முடிகிறது. லூயிசே சடை பின்னிக்கொண்டு, தான் அறியாத தாயைக் காண மியூனிக்குக்குச் செல்கிறாள். லோட்டே முடியைச் சுருட்டிக்கொண்டு, தான் அறியாத தந்தையைக் காண வியன்னாவுக்குச் செல்கிறாள்.

'இரட்டை லோட்டே' எனப் பொருள்படும் 'தாஸ் டோப்பெல்ட்டே லோட்ஷென்' என்னும் படைப்பின் தொடக்கம் இது. எழுதியவர் எரிக் கெஸ்ட்னர். 1949இல் புதினமாக வெளிவந்த இக்கதை, மறு ஆண்டே அவருடைய திரைக்கதையில், யோசெஃப் ஃபொன் பாக்கியின் இயக்கத்தில் திரைப்படமாயிற்று. ஜெர்மானியத் திரைப்பட விருதுகள் 1951இல் முதன்முறையாக வழங்கப்பட்டபோது, சிறந்த திரைப்படத்துக்கான விருதையும் பெற்றது. அதன்பின் ஜப்பான், இங்கிலாந்து, அமெரிக்கா, இந்தியா, ஈரான் எனப் பல நாடுகள் இக்கதையைத் தமதாக்கிக்கொண்டன. ஒரு கதை இத்தனை வீடுகளில் குடியேறியது பெருமைக்குரியது. எனினும், குடியேறிய வீடுகளில் அதன் உயிரான வினாவும் உடன் குடியேறியதா என்று நாம் கேட்டாக வேண்டும்.

தடைக்குள் முளைத்த கதை

கெஸ்ட்னர் 1899இல் டிரெஸ்டன் நகரில் பிறந்தவர். 1929இல் வெளிவந்த 'எமிலும் துப்பறிவாளர்களும்' என்னும் சிறுவர் புதினம் அவருக்குப் பெரும்புகழ் தேடித்தந்தது. இட்லரின் ஆட்சி தொடங்கிய 1933ஆம் ஆண்டு, மே 10ஆம் நாள் இரவு, பெர்லின் நகரின் இசைநாடக அரங்கச் சதுக்கத்தில் நூல்கள் குவிக்கப்பட்டுத் தீயிடப்பட்டன. எரிந்தவற்றுள் கெஸ்ட்னரின் நூல்களும் இருந்தன. அவரோ அக்கூட்டத்தினிடையே நின்று, தம் பெயர் உரக்கக் கூறப்படுவதையும் தம் எழுத்து எரிவதையும் நேரில் கண்டார்.

எழுத்தாளர் பலர் நாட்டைவிட்டு வெளியேறினர், கெஸ்ட்னர் வெளியேறவில்லை. தாய்நாட்டில் நூல் வெளியிட அவருக்குத் தடை விதிக்கப்பட்டது. இடையில் சிறிது காலம் திரைக்கதை எழுத இசைவு கிடைத்தபோது, புனைபெயரில் 'மியூன்ஷ்ஹவுசன்' என்னும் படத்துக்கு எழுதினார். அப்படத்தை இயக்கியவரும் பாக்கியே. பிரிக்கப்பட்ட இரட்டைச் சிறுமியர் கதையை 'பெரிய இரகசியம்' என்னும் தலைப்பில் 1942இல் அவர் பாக்கியிடம் முன்வைத்தார். மீண்டும் தடை வந்தது. கதை பேழைக்குள் உறங்கியது. போர் முடிந்து, ஆட்சி வீழ்ந்து, சில ஆண்டுகள் சென்ற பின்னரே அது வெளிச்சத்தைக் கண்டது.

அப்போதைய ஜெர்மனி எத்தகைய நாடு? கணவர் பலர் போரில் மாண்டிருந்தனர், பலர் போர்க்கைதிகளாயிருந்தனர். திரும்பி வந்தவருள் சிலர் மனைவிக்கும் மக்களுக்கும் அயலார் ஆகியிருந்தனர். அவசரத்தில் நிகழ்ந்த போர்க்காலத் திருமணங்கள் பல முறிந்தன. பெண்கள் தனித்து நின்று, பணிக்குச் சென்று, பிள்ளைகளை வளர்த்தனர். கதையில் லோட்டேயின் தாய் மியூனிக்கில் படஇதழ் ஒன்றில் பணிபுரிகிறாள். பத்து வயதும் நிரம்பாத லோட்டே சமையலையும் வீட்டுக்கணக்கையும் கவனிக்கிறாள். அன்றைய வாசகருக்கு இது தம் அண்டை வீட்டுக் காட்சி. கதை நூலாக வெளிவந்த 1949ஆம் ஆண்டில்தான் ஜெர்மனியும் இரு நாடுகளாகப் பிரிந்தது. ஒரு வயிற்றில் பிறந்து இரு நகரங்களில் வளரும் சிறுமியரின் கதையை, அவ்வாண்டில் படித்தவர்கள் ஒரு குடும்பத்தின் கதையாக மட்டுமே படித்திருப்பார்கள் என எண்ணத் தோன்றவில்லை.

சிரிப்பின் அடியில்

துயரம் நிறைந்த இப்பொருளைக் கெஸ்ட்னர் நகைச்சுவையாகவே கையாண்டார். வீட்டுவேலை அறியாத லூயிசே மியூனிக் சமையலறையில் திண்டாடுகிறாள். படிப்பில் சிறந்த 'லோட்டே' திடீரெனப் பின்தங்குவதன் காரணம் புரியாமல் ஆசிரியர் திகைக்கிறார். வியன்னாவிலோ, விளையாட்டுப் பிள்ளையாக இருந்த 'லூயிசே' ஒரே நாளில் பொறுப்புள்ளவளாகி, வீட்டுப் பணிப்பெண்ணின் கணக்குப் புத்தகத்தைப் புரட்டிப் பார்க்கிறாள். லூயிசேக்கு மிகவும் பிடித்த உணவென்று உள்ளீடு வைத்த அப்பங்கள் தட்டில் அடுக்கப்படும்போது, அவற்றை விரும்பாத லோட்டே புன்னகையோடு விழுங்க வேண்டியிருக்கிறது. மனிதர் அனைவரும் ஏமாறுகின்றனர். குடும்ப மருத்துவரின் நாய் மட்டும் ஏமாறவில்லை. வந்திருப்பவள் வேறொருத்தி என்பதை அது மோப்பத்தால் அறிந்துவிடுகிறது.

இச்சிரிப்புக்கு அடியில் ஓர் அச்சம் ஓடுகிறது. வியன்னாவில் லோட்டே ஒரு கனவு காண்கிறாள். அதில் தந்தை ரம்பத்தோடு வந்து பிள்ளைகளைப் பாதியாகப் பிரிக்க முற்படுகிறார். நீதிமன்றம் தாளில் எழுதிய பங்கீட்டைக் குழந்தையின் மனம் எவ்வாறு உணர்ந்தது என்பதை இந்த ஒரு காட்சி உரைத்துவிடுகிறது. தாயின் பெயர் லூயிசேலோட்டே. மக்களுக்குப் பெயரிடும்போது அப்பெயரையே இரண்டாக்கினர். மணமுறிவின்போது மக்களையே பிரித்தனர். பெயரைப் பங்கிடலாம், பிள்ளைகளைப் பங்கிடலாமா என்று கதை கேட்காமல் கேட்கிறது.

பகைவன் இல்லாத வீடு

இக்குடும்பம் ஏன் உடைந்தது? கெஸ்ட்னர் கூறும் விடை வியப்புக்குரியது. இதில் கொடியவர் எவருமில்லை. தந்தை இளம் இசையமைப்பாளர். தம் படைப்புக்கு அமைதி வேண்டுமென்று, அழும் குழந்தைகள் இருந்த வீட்டைவிட்டுத் தனியறை தேடிச் சென்றார். மனைவி இளையவள், அவளுக்கு ஐயமும் சினமும் எழுந்தன. இருவரும் பொறுத்திருந்து பேசவில்லை, பிரிந்தனர். தந்தையை மணக்க விரும்பும் பெண்ணொருத்தி கதையில் வருகிறாள்; ஆயினும் அவள் வருவது பிரிவு நிகழ்ந்து பல ஆண்டுகள் கழித்தே. ஆகவே பழியைச் சுமத்துவதற்கு வேறு ஆளில்லை. பெற்றோரே அதற்குப் பொறுப்பேற்க வேண்டும்.

கதையின் இறுதியும் இதற்கேற்பவே அமைகிறது. பிறந்தநாளன்று இரு சிறுமியரும், தங்களுக்குப் பரிசு ஏதும் வேண்டா, இனிப் பிரியாமல் ஒன்றாக வாழ வேண்டும் என்கின்றனர். பெற்றோர் அடுத்த அறைக்குச் சென்று பேசுகின்றனர். சிறுமியர் கதவுக்கு வெளியே காத்து நிற்கின்றனர். குழந்தைகளால் வேண்ட முடியும். முடிவெடுக்க வேண்டியவர் பெரியோரே. எந்தச் சூழ்ச்சியும் எட்ட முடியாத அந்த அறையில், பல ஆண்டுகளாகப் பேசாதிருந்த இருவர் பேசத் தொடங்குகின்றனர். கதையின் உண்மையான உச்சம் அதுவே.

மணமுறிவைப் பற்றிக் குழந்தைகளுக்கான நூலில் எழுதலாமா என்று பெரியோர் கேட்பர் என்பதைக் கெஸ்ட்னர் முன்னரே உணர்ந்திருந்தார். புதினத்தின் இடையில் கதையை நிறுத்தி அதற்கு விடை கூறுகிறார். அமெரிக்கக் குழந்தை நடிகை ஷெர்லி டெம்பிள், தாம் நடித்த படத்தையே வயது போதாமையால் அரங்கிற்குள் சென்று காண இயலாத நிலையை அவர் எடுத்துக்காட்டுகிறார். பெற்றோர் பிரிவதால் துன்புறும் குழந்தைகள் பலர். பெற்றோர் பிரியாமல் இருப்பதால் துன்புறும் குழந்தைகளும் பலர். துன்பத்தைக் குழந்தைகள் சுமக்கலாம் என்றால் அதைப் பற்றி அவர்களோடு பேசாமல் இருப்பது எவ்வாறு முறையாகும் என்பது அவர் வாதம். இதுவே இக்கதையின் உயிர்.

கடல் கடந்த கதை

படம் வெளியான மறு ஆண்டே ஜப்பானில், புகழ்பெற்ற பாடகி மிசோரா ஹிபாரி இரட்டை வேடமேற்க, இக்கதை படமாயிற்று. 1953இல் இங்கிலாந்தில் எமெரிக் பிரஸ்பர்கர் இதனை இயக்கினார். ஹங்கேரியில் பிறந்த அவர், ஜெர்மனியில் திரைக்கதை எழுதியவர். 1931இல் கெஸ்ட்னரோடு இணைந்து ஒரு குறும்படத்துக்குக் கதை அமைத்தவர். நாஜி ஆட்சி அவரை நாடு பெயரச் செய்தது. அவர் தனித்து இயக்கிய ஒரே படம் இதுவே.

1961இல் வால்ட் டிஸ்னி நிறுவனம் தயாரித்து, டேவிட் சுவிஃப்ட் இயக்கிய 'தி பேரன்ட் டிராப்' கதையை உலகறியச் செய்தது. வியன்னாவும் மியூனிக்கும் கலிபோர்னியாவாகவும் பாஸ்டனாகவும் மாறின. ஜெர்மானியப் படத்தில் இசா, யூட்டா குந்தர் என்னும் உண்மை இரட்டையர் நடித்திருந்தனர். அமெரிக்கப் படத்திலோ ஹேய்லி மில்ஸ் என்னும் ஒரே சிறுமி, ஒளிப்பதிவு நுட்பத்தின் துணையால் இருவராகத் தோன்றினாள். 1998இல் நான்சி மேயர்ஸ் இயக்கத்தில் லிண்ட்சே லோஹன் அவ்விரு வேடங்களை ஏற்றபோது, இலண்டனும் கலிபோர்னியத் திராட்சைத் தோட்டமும் அச்சிறுமியரின் வீடுகளாயின.

அமெரிக்கப் படத்தின் தலைப்பைச் சற்று நோக்குக. 'பெற்றோருக்கு வைத்த பொறி' என்பது அதன் பொருள். மூலப்படைப்பின் தலைப்பில் ஒரு குழந்தையின் பெயர் இருந்தது. இங்கே குழந்தைகளின் தந்திரம் இருக்கிறது. தந்தையை மணக்கவிருக்கும் பெண்ணைக் காட்டுக்கு அழைத்துச் சென்று அலைக்கழித்து விரட்டும் காட்சிகள் அரங்கை அதிரச் செய்தன. பார்ப்பவர் மனம்விட்டுச் சிரிக்கின்றனர். அச்சிரிப்பில், இவர்கள் ஏன் பிரிந்தனர் என்னும் வினா மெல்லப் பின்னகர்கிறது. பகைவர் ஒருவர் கிடைத்துவிட்டால் பெற்றோர் விடை சொல்ல வேண்டியதில்லை.

தமிழ்நாட்டுக்கு வந்த இரட்டையர்

இக்கதை 1965இல் தமிழுக்கு வந்தது. ஏவி.எம். நிறுவனம் தயாரித்து, 'பராசக்தி'யை இயக்கிய கிருஷ்ணன் – பஞ்சு இணையர் இயக்கிய 'குழந்தையும் தெய்வமும்' அப்படம். ஜெய்சங்கரும் ஜமுனாவும் பெற்றோராக நடிக்க, குட்டி பத்மினி இரட்டை வேடமேற்றார். 'எங்க வீட்டுப் பிள்ளை'யில் எம்.ஜி.ஆர். இரட்டை வேடத்தில் தோன்றி மக்களை மகிழ்வித்ததும் அதே ஆண்டில்தான். ஒருவரே இருவராகத் தோன்றும் விந்தையைத் தமிழ் மக்கள் ஏற்கெனவே விரும்பிப் பழகியிருந்தனர். ஆகவே அயல்நாட்டுக் கதை இங்கே அயலாகத் தோன்றவில்லை. அதே இயக்குநர்கள் அதனைத் தெலுங்கில் 'லேத மனசுலு' என்றும் இந்தியில் 'தோ கலியான்' என்றும் எடுத்தனர்.

தமிழில் கதையின் வேர் மாறியது. இந்து திருமணச் சட்டம் 1955இலேயே மணமுறிவுக்கு வழி செய்திருந்தாலும், அன்றைய குடும்பங்கள் அச்சொல்லை உச்சரிக்கவும் தயங்கின. எனவே பிரிவுக்கு வேறு காரணம் தேவைப்பட்டது. பணச்செருக்கு மிக்க மாமியாரின் ஆதிக்கத்தைத் தன்மானமுள்ள மருமகனால் தாங்க முடியவில்லை என்று கதை அமைக்கப்பட்டது. இம்மாற்றத்தைக் குறை கூறுவது எளிது. ஆனால் அது முறையாகாது. கணவன், மனைவி என்னும் இருவருக்குள் அடங்குவதில்லை நம் குடும்பம். மாமியார், மாமனார், சொத்து, மதிப்பு அனைத்தும் அதற்குள் இருக்கின்றன. நம் வீடுகள் உடையும் இடத்தைப் படம் சரியாகவே சுட்டியது.

ஆயினும், ஒரு குறையை மறைக்க இயலாது. பழி முழுவதும் முதிய பெண்ணொருத்தியின்மீது ஏற்றப்பட்டதும், இளம் பெற்றோர் இருவரும் குற்றமற்றவராகிவிடுகின்றனர். அவள் திருந்தினால் போதும். குடும்பம் தானே நேராகிவிடும். தலைப்பும் நம் சிந்தனைக்குரியது. குழந்தையும் தெய்வமும் கொண்டாடும் இடத்தில் இருக்கும் என்பது நம் பழமொழி. குழந்தையைத் தெய்வத்தின் அருகில் வைத்தது தமிழ் மனத்தின் பரிவு. எனினும், தெய்வத்தை நாம் வணங்குகிறோம். நம் முடிவுகளைப் பற்றி அதனோடு கலந்துபேசுவதில்லை. கெஸ்ட்னர் குழந்தைக்கு வேண்டியது பூசனை இல்லை, அதன் முகம் பார்த்துப் பேசும் நேர்மை என்றார். இவ்விரண்டிற்கும் இடையிலான தொலைவு பெரிது.

வழிநூல் காட்டும் வழி

மறுஆக்கத்தை மதிப்பிட நமக்கு அயல்நாட்டு அளவுகோல் தேவையில்லை. முதல்நூலைப் பின்பற்றி எழும் வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்த்தல் என நால்வகையாகத் தொல்காப்பியம் பகுத்துரைக்கிறது. வழிநூல் முதல்நூலின் முடிபோடு ஒத்திருக்க வேண்டும். பின்னோன் தான் வேண்டும் வேறுபாடுகளைச் சேர்க்கலாம் என்பது நன்னூலார் கருத்து. நூலுக்குக் கூறிய இவ்விலக்கணம் திரைக்கும் பொருந்தும். ஊரை மாற்றலாம், உடையை மாற்றலாம், பாட்டைச் சேர்க்கலாம், பிரிவின் காரணத்தையும் மாற்றலாம். இவை பின்னோனின் உரிமை. முடிபை மட்டும் இழக்கலாகாது.

இங்கு முடிவு வேறு, முடிபு வேறு என்பதை மனத்திற் கொள்ள வேண்டும். கதை எங்கே நிற்கிறது என்பது முடிவு. கதை எதை நிலைநாட்டுகிறது என்பது முடிபு. பிரிந்த பெற்றோர் கூடுதல் என்னும் முடிவை இங்குக் கண்ட மறுஆக்கங்கள் காத்தன. குழந்தையின் வாழ்வை மாற்றும் முடிவுகளில் குழந்தையின் குரலும் கேட்கப்பட வேண்டும் என்னும் முடிபு, பகைவரை விரட்டும் ஆரவாரத்தில் மங்கிப்போயிற்று.

ஐயமும் விடையும்

சிரிப்பதற்காக எடுத்த படத்திடம் இத்தனை எதிர்பார்க்கலாமா என்று சிலர் வினவலாம். மூலப்படமே நகைச்சுவைப் படம்தான். சிரிக்க வைத்துக்கொண்டே உண்மையைச் சொல்ல முடியும் என்பதற்கு அதுவே சான்று.

மற்றொரு ஐயம் வலிமை மிக்கது. பிரிந்த பெற்றோர் மீண்டும் சேர்வதாகக் காட்டுவது, அத்தகைய வீடுகளில் வாழும் பிள்ளைகளுக்குப் பொய்யான நம்பிக்கை அளிக்காதா? தாங்கள் போதிய அளவு முயலாததால்தான் தம் பெற்றோர் சேரவில்லை என்று அப்பிள்ளைகள் தம்மையே நொந்துகொள்ள மாட்டார்களா? இவ்வினா நியாயமானது. தந்திரத்தால் பெற்றோரைச் சேர்த்துவிடலாம் எனக் காட்டும் படங்கள் இதற்கு விடை கூறக் கடமைப்பட்டவை. கெஸ்ட்னரின் கதையோ முடிவெடுக்கும் பொறுப்பை மூடிய கதவுக்கு உள்ளே, பெரியோரிடமே விட்டுவிடுகிறது. பிரிவே சில குழந்தைகளுக்கு நன்மையாகலாம் என்பதையும் அது மறைக்கவில்லை. கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு, பழி உங்களுடையதன்று என்பதே அது பிள்ளைகளுக்குச் சொல்லும் செய்தி.

புதினம் வெளிவந்து நாற்பது ஆண்டுகள் கழித்து, 1989இல், ஐக்கிய நாடுகள் அவை குழந்தைகள் உரிமை உடன்படிக்கையை ஏற்றது. தம்மைப் பாதிக்கும் செயல்களில் கருத்துரைக்கவும், அக்கருத்து வயதுக்கும் முதிர்ச்சிக்கும் ஏற்ப மதிக்கப்படவும் குழந்தைகளுக்கு உரிமையுண்டு என்கிறது அதன் 12ஆம் பிரிவு. 1992இல் இந்தியாவும் அதனை ஏற்றுக்கொண்டது. இரு சிறுமியர் ஒரு பிறந்தநாளில் கேட்டது, உலக நாடுகள் ஏற்ற நெறியாயிற்று.

நிறைவாக

இக்கதை இன்னும் பல மொழிகளில் படமாகலாம். தமிழிலும் மீண்டும் வரலாம். வரட்டும். அப்போது வீடுகள் வேறாக இருக்கும். தொலைவில் வாழும் தந்தையைக் கைப்பேசித் திரையில் மட்டும் காணும் பிள்ளை அதில் இடம்பெறலாம். நீதிமன்ற வளாகத்தில் வார இறுதிக்காகக் காத்திருக்கும் பிள்ளையும் இடம்பெறலாம். எத்தகைய மாற்றத்தையும் நாம் வரவேற்போம். யார்மீது பழி போடலாம் என்று தேடும் படமா, நாம் ஏன் பேசாமல் போனோம் என்று பெரியோரைக் கேட்க வைக்கும் படமா என்பது ஒன்றையே அளவுகோலாகக் கொள்வோம். கதவுக்கு வெளியே நிற்கும் குழந்தைகளை உள்ளே அழைத்து அமர்த்திப் பேசும் கதை எம்மொழியில் வந்தாலும், அதுவே மூலத்தின் உண்மையான வழித்தோன்றல்.

தெரிந்து தெளிவோம்

இரட்டையர் கதையின் பயணம்
1949 – ஜெர்மன் புதினம் (எரிக் கெஸ்ட்னர்)
1950 – ஜெர்மன் திரைப்படம்
1951 – ஜப்பானியத் திரைப்படம்
1953 – ஆங்கிலேயத் திரைப்படம்
1961 – அமெரிக்கத் திரைப்படம்
1965 – தமிழ், 'குழந்தையும் தெய்வமும்'
1966 – தெலுங்கு, 'லேத மனசுலு'
1968 – இந்தி, 'தோ கலியான்'
1994 – மீண்டும் ஜெர்மன் மொழியில், 'சார்லியும் லூயிசும்'
1998 – மீண்டும் அமெரிக்காவில்

கற்பவை கற்றபின்

1. 'முடிவு வேறு, முடிபு வேறு' – இக்கருத்தை நீங்கள் படித்த கதை ஒன்றைச் சான்றாகக் கொண்டு வகுப்பில் விளக்குக.

2. வேற்றுமொழியிலிருந்து தமிழுக்கு வந்த கதை ஒன்றைத் தேர்ந்தெடுத்து, அதில் செய்யப்பட்ட மாற்றங்களைப் பட்டியலிட்டு, அவை ஏற்புடையனவா எனக் கலந்துரையாடுக.

3. 'குடும்ப முடிவுகளில் பிள்ளைகளின் கருத்தைக் கேட்க வேண்டும்' – இத்தலைப்பில் ஒட்டியும் வெட்டியும் சொற்போர் நிகழ்த்துக.